கடிவாய்

எந்தக் கையில் கடித்தது என்று தெரியாததால் சோபனா இரண்டு கையிலும் கட்டுப் போட்டாள்.

வலது கைக்கு, கொடியில் கிடந்த துவாயின் கரையைக் கிழித்துச் சுற்றினாள். இடது கைக்கு, வேலியில் தொங்கிய நைலோன் கயிற்றை அறுத்துவந்து முழங்கைக்கு மேலே இறுக்கினாள். டிலக்சன் கொய்யா மரத்தில் முதுகைச் சாய்த்து, கால்களை ஈர மண்ணில் நீட்டிக் கிடந்தான். களப்பில் இறால் வலை இழுத்து இறுகிப்போன உடம்பு அது. இப்போது கழுத்து எது, தாடை எது என்று பிரித்துப் பார்க்க முடியவில்லை. உதடு தடித்து வெளியே பிதுங்கியிருந்தது. நெஞ்சிலும் வயிற்றிலும் சிவப்புத் தடிப்புகள் ஒன்றோடொன்று சேர்ந்து, கடதாசியில் தண்ணீர் பரவுவதுபோலப் பரவிக்கொண்டிருந்தன.

"இஞ்சேருங்கோ. கண்ணைத் திறவுங்கோ. எங்க கொத்தினது? விரலால காட்டுங்கோ, காணும்."

அவன் வாயைத் திறந்தான். சொல் வரவில்லை. விசில் ஊதுவதுபோல ஒரு மெல்லிய சத்தம் உள்ளே போனது, வெளியே வந்தது. அவனுடைய தலைமுடிக்குள் இருந்து ஒரு எறும்பு நெற்றிக்கு இறங்கியது. அவள் தட்டிவிட்டாள். இன்னொன்று இறங்கியது.

பத்தடி தூரத்தில் கோழிக்கூட்டு வேலி. அதில் நாகம் இன்னும் தொங்கிக்கொண்டிருந்தது. அவள் அந்தப் பக்கம் திரும்பவில்லை.

ஒழுங்கைச் சேற்றில் ஓட்டோ பின்பக்கமாக வந்து நின்றது. அடுத்த ஒழுங்கை முனாஸ், அவள் நானா என்று கூப்பிடுகிற அண்ணன் முறை ஆள். ஃபோனில் அவள் சொன்னது இரண்டே சொல். நானா, பாம்பு. அவன் சேட்டுக்குப் பொத்தான்கூடப் போடாமல் வந்திருந்தான்.

"என்ன பாம்பு புள்ள?"

"நாகம். வலையில சிக்கினது. வெட்டி விடப் போனவர்."

முனாஸ் ஒரு தரம் வேலிப் பக்கம் பார்த்தான். பிறகு குனிந்து டிலக்சனின் அக்குளுக்குள் கையைக் கொடுத்தான். "காலப் புடிங்க. தலை தொங்கப்படாது."

குச்சவெளியில் அநேகமான வளவுகளில் கோழிக்கூட்டைச் சுற்றித் தங்கூசி வலைதான், மெல்லிய நைலோன் இழை மீன்வலைதான் வேலி. கடலில் போடக்கூடாது என்று தடை வந்த பிறகு, எரிக்க மனமில்லாத வலைகளெல்லாம் கரைக்கு ஏறி வேலியாகிவிட்டன. காசில்லாத வேலி. கீரி வராது, நாய் வராது. பாம்பு மட்டும் வரும். கோழிக்குஞ்சின் மணத்துக்கு வந்து கண்ணிக்குள் தலையை விடும். தலை போகும், கழுத்து போகும், ஒரு சாண் உடம்பும் போகும். அதற்குமேல் போகாது. பின்னுக்கு இழுத்தால் செதிலுக்குள் நைலோன் ஏறும். துடிக்கத் துடிக்க இறுகும். மாரி தொடங்கி வயலும் பற்றையும் வெள்ளத்தில் மூழ்கினால், மேட்டு வளவுகளில் மாதத்துக்கு ஒரு சாரையாவது இப்படிச் சிக்கும். தடி எடுத்து ஒரு அடி. வேலை முடிந்தது. ஆனால் நாகம் என்றால் சோபனாவின் ஆட்கள் தடி எடுக்கமாட்டார்கள். தூர நின்று கும்பிடுவார்கள். அவிழ்த்து விடவும் பயம், அடிக்கவும் பயம்.

டிலக்சன் பயப்படவில்லை. அதுதான் இன்றைக்கு நடந்தது.

விடியப்புறம் களப்புக்குப் போனவன் பதினொரு மணிக்குத்தான் வந்தான். வந்ததும் குசினி வாசலில் நின்று தேத்தண்ணி கேட்டான். அவள் வெறும் தேத்தண்ணியைக் கொடுத்தாள்.

"என்ன, பால் இல்லையோ?"

"பால்மா முடிஞ்சுது."

"நேற்றுப் பின்னேரம்தானே புதுப் பக்கெட் கொண்டுவந்தனான். வீட்டில ரெண்டு பேர். பூனை வளக்கிறியோ?"

சிரித்துக்கொண்டே கோப்பையோடு பின்வளவுக்குப் போனான். சிரிப்பு பாதியில் நின்றது. அவள் குசினிக்குள் இருந்தே அதைக் கேட்டாள். கோப்பையை மதிலில் வைக்கும் சத்தம். பிறகு அவன் குரல், தனக்குத்தானே பேசுவதுபோல.

"உயிரோட தின்னுதுகள்."

அவள் வாசல் வரைக்கும் வந்தாள். வேலியில் ஒரு முழ உயரத்தில் நாகம் குறுக்காகத் தொங்கியது. அதன் நிறம் தெரியவில்லை. தலையிலிருந்து நடு உடம்புவரை செம்மண் பூசியதுபோல எறும்பு. நெருப்பெறும்பு. வெள்ளத்தில் புற்று இடிந்து கோழிக்கூட்டு மேட்டுக்குக் குடிவந்தவை. ஒவ்வொன்றும் செதில் விளிம்பை வாயால் கவ்விப் பிடித்துக்கொண்டு, பின்புறத்தை வளைத்து வளைத்துக் கொடுக்கை இறக்கியது. கண் இருந்த இடத்தில் எறும்புக் கொத்து. பாம்பு படம் விரிக்கப் பார்த்தது. நைலோன் விடவில்லை. கழுத்துத் தோல் ஒரு பக்கம் மட்டும் விரிந்து, நடுங்கி, சுருங்கியது. வால் மட்டும் தரையைத் தட்டிக்கொண்டே இருந்தது. மெதுவாக. ஆள் இல்லாத வீட்டின் கதவைத் தட்டுவதுபோல.

"வலை வெட்டுற கத்தி எங்க?"

"போகாதேங்கோ. அது கொத்தும்."

"அது எங்க கொத்திறது, அதின்ர கண்ணைப் பார். நான் கட்டின வலை, சோபனா. என்ர வலையில கிடந்து நாகம் இப்பிடிச் சாகிறதோ? ஐஞ்சு கண்ணி வெட்டினாக் காணும்."

அவள் இன்னும் ஏதாவது சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. அவன் இடது கையால் வலையை விரித்துப் பிடித்தான். பிடித்த கணமே எறும்புகள் அவன் மணிக்கட்டுக்கு மாறின. அவன் கையை எடுக்கவில்லை. மூன்றாவது கண்ணி வெட்டும்போது தோள்வரை ஏறிவிட்டன. நாலாவதில் பாம்பு ஒரு தரம் உதறியது. அவன் பின்னால் விழுந்தான். எழும்பி, தட்டித் தட்டிக் கொய்யா மரம்வரை வந்தவன் அதில் சாய்ந்து உட்கார்ந்தான். "தண்ணி" என்றான். அதுதான் கடைசியாக அவன் சொன்ன சொல்.

ஓட்டோ இறக்கக்கண்டிப் பாலத்தில் ஏறியபோது காற்று ஒரு பக்கமாகத் தள்ளியது. கடல் கலங்கி, சேற்று நிறத்தில் கிடந்தது. டிலக்சனின் தலை சோபனாவின் மடியில். விசில் சத்தம் வரவர மெலிந்தது. அவள் அவன் கைகளைத் தூக்கித் தூக்கிப் பார்த்தாள். பல் பட்ட இடத்தைத் தேடினாள். விரல் இடுக்கில், மணிக்கட்டில், முழங்கையில். எங்கும் தடிப்பு. எது பல், எது கொடுக்கு என்று எப்படிச் சொல்வது?

முனாஸ் கண்ணாடியில் பின்னுக்குப் பார்த்தான். "புள்ள, பாம்பு கொத்தினத நீங்க கண்டீங்களா?"

அவள் அவன் நெற்றியில் இறங்கிய எறும்பை நசுக்கினாள்.

"இல்ல, நாகம் கொத்தினா ஆள் உறக்கம் வந்தாப்போல தளர்ந்து போறதுதான் நான் பாத்திருக்கன். என்ட மாமாக்குக் கொத்தினது. அவர்ர உடம்பு இப்பிடித் தடிக்கல்ல. இது எறும்புக்கடி போலயும் கிடக்கு. போன வரிசம் இவனுக்குக் கை வீங்கினது தானே, எறும்பு கடிச்சு? முழங்கைக்கு மேல வரைக்கும்?"

"பாம்புதான் நானா."

"கண்டீங்க தானே?"

"ஓம்."

ஓட்டோ வேகம் குறைந்தது. வலது பக்கத்தில் மஞ்சள் மதில், உள்ளே ஒரு சின்ன ஆஸ்பத்திரி. வாசலில் தாதியின் வெள்ளை உடுப்பில் ஒரு மிஸி குடையை விரித்துக்கொண்டு நின்றாள். மதிலோரம் நாய் ஒன்று படுத்திருந்தது. முனாஸ் திருப்பலாமா என்பதுபோலக் கையை உயர்த்தினான்.

"எறும்புக்கடி எண்டா இஞ்ச காட்டலாம். பாம்பு எண்டா இஞ்ச மருந்து இருக்குமோ தெரியா. இருந்தாலும் டவுனுக்கு அனுப்புவாங்க. அரை மணித்தியாலம் போயிடும். என்ன செய்யிற?"

அவளுக்கு அந்த மிஸியின் குடை இனி மறக்காது. நீலத்தில் வெள்ளைப் பூ.

"டவுனுக்கு விடுங்கோ," என்றாள். "பாம்பு."

முனாஸ் அக்சிலேட்டரை முறுக்கினான். மஞ்சள் மதில் முடிந்தது. நிலாவெளிக் கடைகள் வந்தன, போயின. சாம்பல்தீவுச் சந்தி தாண்டும்போது மடியில் இருந்த விசில் சத்தம் நின்றுவிட்டது. நோவு குறைந்து தூங்குகிறான் என்று அவள் ஒரு நிமிடம் நினைத்தாள். நினைக்க விரும்பினாள். பிறகு உதட்டைப் பார்த்தாள். நாவற்பழம் தின்ற உதடு.

"நானா, மூச்சில்லை."

முனாஸ் திரும்பிப் பார்க்கவில்லை. ஹோர்னில் வைத்த கையை எடுக்கவுமில்லை.

பெரியாஸ்பத்திரியில் தள்ளுவண்டி உள்ளே போய்க் கதவு மூடிய பிறகு, சோபனா தன் கால்களைப் பார்த்தாள். செருப்பு இல்லை. கணுக்காலைச் சுற்றிப் பத்துப் பன்னிரண்டு சின்னப் புள்ளிகள். நடுவில் வெள்ளையாய் நீர் கோர்க்கத் தொடங்கியிருந்தது. அவள் பாவாடைக் கரையைக் கீழே இழுத்து விட்டாள்.

முக்கால் மணித்தியாலம் கழித்து டொக்டர் வந்தாள். இளம் பெண். கையில் டோர்ச் இன்னும் எரிந்துகொண்டிருந்தது. அணைக்க மறந்திருந்தாள்.

"நீங்கள்தான் மனுசியோ? பாம்பு கொத்தினது எண்டு ஆர் சொன்னது?"

"நான்தான்."

"உச்சந்தலையில இருந்து உள்ளங்கால் வரைக்கும் பாத்தனான் அம்மா. கடிவாய் ஒண்டும் இல்லை. முழுக்க எறும்பு. முன்னூறு இடத்துக்கு மேல. சில பேருக்கு உடம்பு தாங்காது, தொண்டை வீங்கி மூடிப்போடும். முந்தி ஒருக்கா எறும்பு கடிச்சு வீங்கியிருக்குமே?"

"போன மாரி. கை மட்டும்."

"ம்." டொக்டர் டோர்ச்சை அணைத்தாள். "ஊசி போட்டிருக்கிறம். இதயம் ஓடுது. மூச்சுக்கு மெசின். ஆனா மூளைக்குக் காற்றுப் போகாம கனநேரம் இருந்திருக்கு. எவ்வளவு நேரமா மூச்சு எடுக்கேல்ல?"

"சாம்பல்தீவுச் சந்தி."

டொக்டர் அதை நேரமாக மாற்றிக் கணக்குப் பார்ப்பது முகத்தில் தெரிந்தது. "எங்கயிருந்து வந்தனீங்கள்?"

"குச்சவெளி."

"வழியில எங்கயும் காட்டேல்லயோ? இது பெரிய மருந்தில்லை. எந்தச் சின்ன ஆஸ்பத்திரியிலயும் வச்சிருப்பினம்." குற்றம் சொல்லும் குரல் இல்லை அது. களைத்த குரல். "சரி. இப்ப அதைக் கதைச்சு வேலையில்லை. நாளைக்குக் காலமைதான் ஏதும் சொல்லலாம். அடையாள அட்டை கொண்டுவந்து குடுங்கோ."

கதவு மூடியது. முனாஸ் சுவரோரம் நின்றான். எல்லாம் கேட்டிருப்பான். தன் சேட்டுப் பொத்தான்களைக் கீழிருந்து மேலாக ஒவ்வொன்றாகப் போட்டான்.

லிங்கநகரில் மகளோடு இருக்கும் மாமியார் தங்கேஸ்வரி வந்து சேர்ந்தபோது மணி இரண்டு. நெற்றியில் திருநீறு, கையில் இன்னொரு பொட்டலம் திருநீறு. நடந்ததைச் சோபனா சொன்னாள். நாகம், வலை, கத்தி, எறும்பு. மாமி கடைசிச் சொல்லை ஏற்கவில்லை.

"எறும்பு கடிச்சு ஆம்பிளை விழுறதோ? டொக்டருக்கு என்ன தெரியும். அது நாகம். எங்கட வளவில, எங்கட வலையில. ஆறு வரிசமா உன்ர வயித்தில ஒண்டும் தங்கேல்ல. சாத்திரியார் என்ன சொன்னவர்? நாகதோசம். சொன்னாரோ இல்லையோ?"

"சொன்னவர்."

"காலமையே சிக்கியிருக்கும். நீ காணேல்லயோ?"

"இல்லை மாமி."

"கண்ணிருந்தும் காணேல்ல." மாமி கதிரையில் உட்கார்ந்து திருநீற்றுப் பொட்டலத்தைப் பிரித்தாள். பாதி மடியில் கொட்டியது. அவள் குரல் திடீரென்று இறங்கியது. "இஞ்ச பார் பிள்ளை. அட்டை எடுக்கப் போறாய்தானே. போன கையோட அந்த இடத்தில கொஞ்சம் பால் வார். வார்த்து, தெரியாமச் செய்த பிழை எண்டு கும்பிடு. எனக்கு ஒரே ஆம்பிளைப் பிள்ளை."

திரும்பிப் போகும் வழியில், நிலாவெளியில் ஒரு கடைக்கு முன்னால் முனாஸ் தானே ஓட்டோவை நிறுத்தி ஒரு பால் பக்கெட் வாங்கிவந்து அவள் கையில் கொடுத்தான். "மாமி சொன்னது கேட்டிச்சு," என்றான். குளிர்ந்த பக்கெட். அதன் ஈரம் அவள் மடியில் இறங்கியது. மஞ்சள் மதில் இந்த முறை மறுபக்கத்தில் வந்தது. இரண்டு பேரும் நேரே பார்த்தார்கள்.

பாலம் தாண்டிய பிறகுதான் அவன் பேசினான்.

"ஒரு விசயம் எனக்கு விளங்கல்ல புள்ள. என்ட கூட்டு வலையிலயும் எத்தினை சாரை சிக்கிச்சு. எறும்பும் அங்கதான் திரியுது. செத்து, நாறி, அதுக்குப் பொறகுதான் எறும்பு வரும். உயிரோட அசையிற பாம்பில இந்தளவு எறும்பு ஏறி நான் காணல்ல. அதுவும் அரை நாளைக்குள்ள."

அவள் பக்கெட்டை ஒரு கையிலிருந்து மற்றக் கைக்கு மாற்றினாள்.

"மழைதானே," என்றாள்.

"ஓம். மழைதான்," என்றான் முனாஸ்.

வளவில் மழை விட்டு வெயில் எட்டிப் பார்த்திருந்தது. முனாஸ் ஒழுங்கையில் ஓட்டோவைத் திருப்பி நிறுத்திக்கொண்டிருந்தான். அவள் அடையாள அட்டையை அலுமாரியிலிருந்து எடுத்து நெஞ்சுச் சட்டைக்குள் வைத்தாள். பிறகு பின்வளவுக்குப் போனாள். மதிலில் அவன் வைத்த கோப்பை அப்படியே இருந்தது, பாதித் தேத்தண்ணியோடு. நாகம் அடங்கிவிட்டது. அவன் வெட்டிய நாலு கண்ணியும் திறந்து கிடந்தன. ஐந்தாவது மட்டும் கழுத்தில். தலையில் இப்போது வெள்ளையாய் எலும்பு தெரிந்தது. எறும்புகள் அவசரம் இல்லாமல் இரண்டு வரிசையில் போய்வந்தன. ஒரு வரிசை மேட்டுப் புதுப் புற்றிலிருந்து பாம்புக்கு. மற்ற வரிசை புற்றிலிருந்து, கூட்டுக்குப் பக்கத்தில் கவிழ்த்து வைத்திருந்த ஓலைக் கடகத்துக்கு.

அவள் கடகத்தை எடுத்தாள்.

அதன் கீழே பித்தளைச் செம்பு. சாமியறைச் செம்பு. அதன் வாயைச் சுற்றி எறும்பு சிவப்பு வளையமாக மொய்த்தது. உள்ளே அடியில், காய்ந்த பால் தடித்துப் பிசின்போலப் படிந்திருந்தது.

இன்று காலை ஆறரை மணி, டிலக்சன் களப்பில். கோழிக்குத் தீன் போட வந்தவள் அதைக் கண்டாள். எறும்பு இல்லாத, மழையில் கழுவின, மினுங்குகிற நாகம். பாதிப் படம் விரித்து, தலையைத் தூக்கி அவளையே பார்த்தது. ஆறு வருடமாகக் கோயில் கோயிலாகக் கல்லுக்கு வார்த்ததை உயிருள்ளதுக்கு வார்க்க, அது தானாக வந்து வாசலில் நிற்கிறது. அப்படித்தான் அவளுக்குப் பட்டது. சிக்கியிருக்கிறது என்று தெரியாமலா? தெரியும். அதற்கு ஓட ஏலாது என்று தெரிந்ததால்தான் அவளுக்குக் கிட்டப் போகத் துணிவு வந்தது. டிலக்சனுக்கு ஃபோன் எடுத்திருந்தால் அவன் ஓடிவந்து அந்தக் குளிர்ந்த காலையில் ஐந்து கண்ணியையும் வெட்டி விட்டிருப்பான். எடுக்கவில்லை. விட்டால் போய்விடும். புதுப் பக்கெட் பால்மா முழுவதையும் இளஞ்சூட்டில் கரைத்தாள். சாமிக்கு வைக்கிற பாலில் எப்போதும் போடுவதுபோல, ஆனால் இன்றைக்குக் கை தாராளமாக, எட்டுக் கரண்டி சீனி போட்டாள். தலையிலிருந்து நடு உடம்புவரை, மூன்று தரம், சொட்டுச் சொட்டாக வார்த்தாள். பாம்பு கண்ணை மூடவில்லை. பாம்புக்கு இமை இல்லை என்பது அப்போது அவளுக்கு நினைவில் இல்லை. தன்னை ஆசீர்வதித்துப் பார்க்கிறது என்று நினைத்தாள்.

எட்டரைக்கு முதல் வரிசை ஏறியது. ஒன்பதரைக்கு அவள் செம்பைக் கடகத்தால் மூடினாள்.

ஒழுங்கையில் முனாஸின் ஃபோன் அடித்தது. அவன் எடுப்பது கேட்டது. "ஓம் மாமி," என்றான். பிறகு, "எத்தினை மணிக்கு?" என்று கேட்டான். ஓட்டோ எஞ்சினை அணைத்தான்.

சோபனாவின் கையில் பால் பக்கெட். எப்போது அதன் மூலையைப் பல்லால் கடித்துத் திறந்தாள் என்று அவளுக்குத் தெரியவில்லை. அது சாய்ந்து, வெள்ளையாய் ஒரு நூல் அவள் பாதத்தில் விழுந்துகொண்டிருந்தது. செம்பைச் சுற்றி நின்ற எறும்புகளில் ஒன்று விலகி, நின்று, அந்தப் பக்கம் திரும்பியது. பிறகு அதன் பின்னால் இன்னொன்று.

அவள் காலை எடுக்கவில்லை.